தோர்பெல்: ஓர் ஆல்ப்ஸ் மலைக்கிராமமும் அதன் பொதுநிலமும்

சுவிட்சர்லாந்தின் தென்மேற்கில், இத்தாலியையும் பிரான்சையும் எல்லையாகக் கொண்ட வாலே மாநிலத்தில், ரோன் ஆற்றின் பெரும்பள்ளத்தாக்கிலிருந்து தெற்கே பிரிந்து செல்லும் விஸ்ப் ஆற்றின் கிளைப்பள்ளத்தாக்குக்கு மேலே, கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1500 மீட்டர் உயரத்தில், மலையின் தோள்போல் சரிந்து கிடக்கும் நிலத்தில் தோர்பெல் என்னும் சிற்றூர் அமைந்திருக்கிறது. பள்ளத்தாக்கின் வாயிலில் உள்ள விஸ்ப் நகரம் 650 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கிருந்து சற்றே மேலேறினால், சாஸ் பள்ளத்தாக்கிலிருந்து வரும் ஆறும் செர்மாட் பள்ளத்தாக்கிலிருந்து வரும் ஆறும் கூடும் ஷ்டால்டென் வருகிறது. அந்தக் கூடலிலிருந்து மலைச்சாலை வளைந்து வளைந்து ஏறி, வெயிலில் கறுத்த லார்ச் மர வீடுகள் நெருங்கி நிற்கும் தோர்பெலை அடைகிறது. இன்று அங்கே வாழ்வோர் ஏறத்தாழ ஐந்நூறு பேரே. இத்தனை சிறிய ஊரின் பெயர் பொருளாதாரம், மானிடவியல், சூழலியல் ஆகிய மூன்று துறைகளின் நூல்களிலும் திரும்பத் திரும்ப வருவதற்குக் காரணம், 13ஆம் நூற்றாண்டு தொடங்கி நிலத்தையும் காட்டையும் நீரையும் யார் எப்படி அனுபவிப்பது என்பதைக் குறித்த ஆவணங்கள் இவ்வூரைப் பற்றிக் கிடைப்பதும், அந்த ஏற்பாடுகள் 20ஆம் நூற்றாண்டிலும் உயிரோடு இருந்ததை ஆய்வாளர் நேரில் கண்டு எழுதியதுமே ஆகும்.

மலைக்கிராமங்கள் நெடுங்காலம் நிலைத்ததற்கு அவற்றின் தனிமையே காரணம் என்னும் எண்ணம் பரவலாக உண்டு. தோர்பெலின் ஆவணங்களைப் படிப்பவருக்கு அந்த எண்ணம் நிலைக்காது. ஊரார் கூடி எழுதிய விதிகளும், மீறியவரிடம் தண்டம் வாங்கிய கண்டிப்பும், அந்த விதிகளுக்காக ஒவ்வொரு தலைமுறையிலும் சிலர் கொடுத்த விலையும் சேர்ந்துதான் இவ்வூரைக் காப்பாற்றியிருக்கின்றன. இம்மூன்றில் முதலிரண்டை மட்டும் பாராட்டி மூன்றாவதைச் சொல்லாமல் விடுவது வரலாறு ஆகாது.

ஆல்ப்ஸ் என்றவுடன் மழையும் பனியும் நிறைந்த பச்சை மலைகளே நினைவுக்கு வருகின்றன. ஆனால் தோர்பெலின் நிலை வேறு. வடக்கே பெர்ன் ஆல்ப்ஸ் தொடரும் தெற்கே பென்னைன் ஆல்ப்ஸ் தொடரும் நாலாயிரம் மீட்டருக்கும் மேலான சிகரங்களோடு மதிலாக நிற்பதால், எந்தத் திசையிலிருந்து மேகம் வந்தாலும் தன் மழையை வெளிச்சரிவிலேயே இறக்கிவிட்டு வறண்ட காற்றாகத்தான் உள்ளே வருகிறது. பள்ளத்தாக்கின் அடிப்பகுதியில் ஆண்டு மழை 600 மில்லிமீட்டர் அளவில்தான் இருக்கிறது. சுவிட்சர்லாந்தின் மிக வறண்ட பகுதிகளில் இதுவும் ஒன்று. கிராமத்தின் எதிரே, பள்ளத்தாக்குக்கு அப்பால், 4545 மீட்டர் உயரமுள்ள டோம் சிகரத்தைக் கொண்ட மிஷாபெல் மலைக்கூட்டம் என்றும் உருகாத பனியோடு நிற்க, இப்பக்கத்துச் சரிவில் கோடைவெயிலில் புல் கருகுகிறது. மாடு வளர்த்துப் பிழைக்க வேண்டிய ஊரில் புல் கருகினால் அடுத்து வரும் குளிர்காலத்தில் மாட்டுக்குத் தீனி இல்லை. மாடு இல்லையேல் பாலும் பாலாடைக்கட்டியும் எருவும் இல்லை. எருவில்லாமல் இந்த மெலிந்த மண்ணில் தானியம் விளையாது. ஊரின் வரலாறு முழுவதும் இந்தச் சங்கிலியை அறுபடாமல் காக்கும் முயற்சியாகவே நடந்திருக்கிறது.

எழுத்துச் சான்றுகளுக்கு முற்பட்ட காலத்தைச் சுருக்கமாகச் சொன்னால் போதும். உரோமர் வருவதற்கு முன்பு மேல் வாலேப் பகுதியில் ஊபெரி என்னும் பழங்குடியினர் வாழ்ந்தனர். அகஸ்டஸ் பேரரசன் ஆல்ப்ஸ் மலைக்குடிகளை வென்றதன் நினைவாக மத்தியதரைக் கடலோரம் லா டுர்பி என்னுமிடத்தில் எழுப்பப்பட்ட வெற்றிச்சின்னத்தின் கல்வெட்டில் அவர்களுடைய பெயரும் பொறிக்கப்பட்டது. உரோம ஆட்சி மறைந்து சில நூற்றாண்டுகளுக்குப் பின், வடக்கிலிருந்து கணவாய்களைக் கடந்து வந்த அலமானி மக்கள் மேல் வாலேயில் குடியேற, அங்கே லத்தீன் வழிமொழி படிப்படியாக மறைந்து ஜெர்மன் கிளைமொழி வேரூன்றியது. இம்மக்களின் வழிவந்தோரில் ஒரு பகுதியினர் 12, 13ஆம் நூற்றாண்டுகளில் மறுபடியும் மலை தாண்டி மோன்டே ரோசா மலையின் தெற்கு அடிவாரத்துக்கும் கிழக்கே கிரவுபுண்டென், ஃபோரார்ல்பெர்க் மலைகளுக்கும் சென்று குடியேறினர். வரலாற்றாசிரியர்கள் அவர்களை வால்ஸர் என்று குறிப்பிடுகின்றனர். மலை உச்சிக்கு அருகில் ஆண்டு முழுவதும் வாழும் கலையை அவர்கள் மேல் வாலேயிலேயே கற்றிருந்தனர்.

அரசியல் அமைப்பிலும் மேல் வாலே தனித்தன்மை உடையது. 999இல் பர்கண்டி மன்னன் மூன்றாம் ருடால்ஃப் வாலேயின் ஆட்சியுரிமையைச் சியோன் நகர ஆயருக்கு வழங்கினான். காகிதத்தில் ஆயரே அரசர். நடைமுறையிலோ சென்டன் எனப்பட்ட ஏழு வட்டாரங்கள் படிப்படியாக அதிகாரத்தைத் தம் கைக்குக் கொண்டுவந்தன. விஸ்ப் அவற்றுள் ஒன்று. தோர்பெல் விஸ்ப் வட்டாரத்தைச் சேர்ந்தது. 1388 டிசம்பரில் சவாய் ஆட்சியாளரின் படையை மேல் வாலே மக்கள் விஸ்ப் நகரின் அருகே தோற்கடித்தனர். 1634இல் ஆயர் தம் அரசுரிமையையே விட்டுக்கொடுக்க நேர்ந்தது. வாலே சுவிஸ் கூட்டமைப்பில் ஒரு மாநிலமாக இணைந்தது 1815இல்தான். தொலைவில் இருந்த பிரபுவைவிட ஊர்க்கூட்டமே அன்றாட வாழ்வில் வலுவாக இருந்த இந்தச் சூழலில்தான் தோர்பெலின் விதிகள் எழுதப்பட்டன.

தோர்பெலின் நிலவுரிமை பற்றிய ஆவணங்கள் 1224 முதல் கிடைக்கின்றன. அவற்றிலிருந்து தெரியவருவது, ஊரின் நிலம் இருவகை உரிமையில் இருந்தது என்பதாகும். வீடும் களஞ்சியமும், காய்கறித் தோட்டமும், ரை என்னும் தானியம் விளையும் வயலும், ஆற்றையொட்டிய வெப்பமான தாழ்சரிவில் உள்ள திராட்சைத் தோட்டமும், வைக்கோலுக்காகப் புல் வளர்க்கும் புல்வயலும் தனியார் உடைமை. அவற்றை விற்கலாம், வாங்கலாம், பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுக்கலாம். மலையுச்சியை அடுத்த கோடை மேய்ச்சல் நிலம், காடு, தரிசு, பாசன வாய்க்கால், பாதை ஆகிய ஐந்தும் ஊர்ப்பொது. ஜெர்மன் பேசும் மலைமக்கள் ஆல்ப் என்று குறிப்பிடுவது இந்தக் கோடை மேய்ச்சல் நிலத்தைத்தான். மிக உயரத்தில் கிடக்கும் இந்நிலம் ஆண்டில் ஏறத்தாழ மூன்று மாதமே மேய்ச்சலுக்கு ஏற்றதாக இருக்கும். அந்த மூன்று மாதமும் ஊர் மாடுகள் அனைத்தும் அங்கே மேய்ந்தால்தான், தாழ்ந்த புல்வயல்களில் வளரும் புல்லை அறுத்துக் குளிர்காலத்துக்குச் சேமிக்க முடியும்.

1483 பிப்ரவரி 1ஆம் நாள் தோர்பெல் ஊரார் ஒன்றுகூடி, மேய்ச்சல் நிலத்தையும் காட்டையும் தரிசையும் நிர்வகிக்க ஒரு சங்கத்தை முறைப்படி நிறுவும் உடன்படிக்கையில் ஒப்பமிட்டனர். அதன் மையமான விதி கடுமையானது. வெளியூரான் ஒருவன் தோர்பெலில் நிலம் வாங்கினாலும், வேறெந்த வழியில் அதை அனுபவித்தாலும், பொது மேய்ச்சல் நிலத்திலோ காட்டிலோ அவனுக்கு உரிமை கிடையாது. மரம் வெட்டவும் அனுமதி இல்லை. நிலத்தைப் பணம் கொடுத்து வாங்கலாம். ஊர் உரிமையை வாங்க முடியாது. அதை வழங்கும் அதிகாரம் ஏற்கெனவே உரிமை பெற்றிருந்த ஊராரிடமே இருந்தது. பொதுநிலத்தின் எல்லைகள் 1507ஆம் ஆண்டின் ஓர் ஆவணத்தில் வரையறுக்கப்பட்டுள்ளன.

இதற்கடுத்து 1517இல் எழுதப்பட்ட விதிதான் தோர்பெலைப் புகழ்பெறச் செய்தது. ஒருவர் குளிர்காலம் முழுவதும் தம் சொந்த வைக்கோலைக் கொண்டு எத்தனை மாடுகளைக் காப்பாற்ற முடியுமோ, அத்தனை மாடுகளை மட்டுமே கோடையில் பொது மேய்ச்சலுக்கு அனுப்பலாம் என்பது அந்த விதி. இதைக் குளிர்காலத் தீனி விதி எனலாம். வசதி படைத்தவர் வசந்தகாலத்தில் சந்தையில் மாடுகளை வாங்கி, மூன்று மாதம் ஊர்ப்புல்லில் கொழுக்கவிட்டு, இலையுதிர்காலத்தில் விற்று லாபம் பார்க்கும் வழியை அது ஒரேயடியாக அடைத்துவிட்டது. அதைவிட முக்கியமானது, இந்த விதிக்கு அளவுகோல் தேடி எங்கும் போக வேண்டியதில்லை என்பது. மேட்டு மேய்ச்சல் நிலம் எத்தனை மாடுகளைத் தாங்கும் என்று கணிப்பது எளிதன்று. ஆனால் பக்கத்து வீட்டாரின் தொழுவத்தில் மார்ச் மாதத்தில் எத்தனை மாடுகள் நின்றன என்பது ஊரில் எல்லாருக்கும் தெரியும். தாழ்சரிவின் வைக்கோலும் மேல்நிலத்தின் புல்லும் இவ்வாறு ஒரே கணக்கில் கட்டப்பட்டன.

விதியை நடைமுறைப்படுத்திய முறையும் எளிமையும் திறமையும் உடையது. குறித்த நாளில் ஊர் மாடுகள் அனைத்தும் ஒரே நேரத்தில் மலையேற்றப்பட்டு, அங்கேயே உடனுக்குடன் எண்ணப்பட்டன. கெவால்ட்ஹாபர் என்ற பதவியில் அமர்ந்த ஊர் அதிகாரி, அளவுக்கு மிஞ்சி மாடு அனுப்பியவருக்குத் தண்டம் விதித்தார். தண்டத்தொகையில் பாதி அவருக்கே சேர்ந்தது. ஆகவே கண்டும் காணாமலும் இருப்பதால் அவருக்கு ஆதாயம் எதுவும் இல்லை. கோடை முழுவதும் மேய்ச்சல் நிலத்திலேயே தங்கியிருந்த பணியாளர்கள் எல்லா மாட்டுப் பாலையும் ஒன்றாகச் சேர்த்துப் பாலாடைக்கட்டி செய்தனர். கோடை முடிவில் நடக்கும் பங்கீட்டில், எந்தக் குடும்பம் எத்தனை மாடு அனுப்பியதோ அந்த விகிதத்தில் அதன் பங்கு தீர்மானிக்கப்பட்டது. எனவே மலையேறும் நாளின் எண்ணிக்கை தண்டத்துக்கும் பங்குக்கும் ஒருசேர ஆதாரமாயிற்று. ஊரார் அனைவரும் அதைக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருக்க இதைவிட வேறு காரணம் வேண்டியதில்லை.

காட்டு மரத்தைப் பகிர்ந்துகொண்ட விதமும் கவனிக்கத்தக்கது. ஆண்டுக்கு ஒருமுறை, வெட்டத் தகுந்த மரங்களுக்கு ஊர்ப்பொறுப்பாளர்கள் அடையாளமிடுவார்கள். உரிமையுள்ள குடும்பங்கள் குழுக்களாகப் பிரிந்து சம அளவில் உழைத்து, மரத்தை வெட்டி, இழுத்து, ஏறத்தாழ ஒரே அளவுள்ள அடுக்குகளாக அடுக்குவார்கள். எந்த அடுக்கு யாருக்கு என்பது சீட்டுக் குலுக்கிப் போட்டுத் தீர்மானிக்கப்பட்டது. தமக்கு எந்த அடுக்கு வரும் என்று தெரியாதவர், எந்த அடுக்கையும் குறைவாக அடுக்க மாட்டார்.

இத்தனையும் ஆராய்ந்து எழுதியவர் அமெரிக்க மானிடவியலாளர் ராபர்ட் நெட்டிங். நைஜீரியாவின் ஜோஸ் பீடபூமியில் கோஃப்யார் என்னும் மலை உழவர்களிடையே ஆய்வு செய்து 1968இல் நூல் எழுதியவர் அவர். அடர்த்தியாக மக்கள் வாழும் இடங்களில் சிறு உழவர்கள் நிலத்தை எப்படி வளம் குன்றாமல் பயன்படுத்துகிறார்கள் என்னும் கேள்வியோடு 1970களில் தோர்பெலுக்கு வந்து குடும்பத்தோடு தங்கினார். ஊர் ஆவணங்களையும் கோயில் பதிவேடுகளையும் நில வரைபடங்களையும் ஒன்றோடொன்று ஒப்பிட்டு அவர் எழுதிய நூல் 1981இல் வெளியாயிற்று. அவருக்கு முன்பு வரை, பொது உடைமை என்பது பழைய காலத்தின் எச்சம், முன்னேற்றம் வரும்போது தானாக மறையும் என்றே பலர் கருதினர். நெட்டிங் எழுப்பிய வினா இக்கருத்தை அசைத்துவிட்டது: ஒரே ஊரார் ஒரே காலத்தில் புல்வயலைத் தனி உடைமையாகவும் மேய்ச்சல் நிலத்தைப் பொது உடைமையாகவும் ஐந்து நூற்றாண்டுக்கு மேல் வைத்திருந்தது ஏன்?

அவர் கண்ட விடை நிலத்தின் தன்மையில் இருந்தது. ஒரு வேலி நிலம் தரும் விளைச்சலின் மதிப்பு குறைவாக இருக்கும்போதும், அந்த விளைச்சல் ஆண்டுக்கு ஆண்டு, இடத்துக்கு இடம் மாறும்போதும், உழைப்பைக் கொட்டினாலும் அந்நிலத்தை மேம்படுத்த வழி இல்லாதபோதும், பயன்பெறப் பெரும் பரப்பு தேவைப்படும்போதும், அதைப் பயன்படுத்தப் பலர் சேர்ந்து முதலிட வேண்டியிருக்கும்போதும் பொது உடைமையே சிக்கனமானது என்று அவர் காட்டினார். மேட்டு மேய்ச்சல் நிலத்தில் ஒரு பக்கம் பனி உருகும், மறுபக்கம் உருகாது; அதைத் துண்டுபோட்டு வேலி கட்டினால் ஒருவருக்குப் புல்லும் மற்றொருவருக்குப் பாறையும் கிடைக்கும்; வேலிக்கான செலவோ புல்லின் மதிப்பைத் தாண்டிவிடும். நீரும் எருவும் இட்டால் பன்மடங்கு விளையும் தாழ்சரிவு வயலுக்கு இவை எதுவும் பொருந்தாது. தோர்பெல் மக்கள் இரண்டு முறைகளையும் அறிந்திருந்தனர். எந்த நிலத்துக்கு எது பொருந்தும் என்று தேர்ந்து பயன்படுத்தினர்.

வயலில் அவர்கள் செலுத்திய உழைப்பை அருகிருந்து பார்த்தால்தான் இது விளங்கும். சரிவு மிகுதியான நிலத்தில் ஒவ்வொரு முறை மண்வெட்டி விழும்போதும் மண் சிறிது கீழே நகரும். மழையும் பனியுருகலும் சேர்ந்து ஆண்டுக்கு ஆண்டு மேல்விளிம்பை அரித்துவிடும். ஆகவே வாலேயின் மலைவயல்களில், வசந்தகாலத்தில் விதைப்புக்கு முன், வயலின் கீழ்விளிம்பில் வந்து சேர்ந்த மண்ணை வெட்டி, முதுகுக்கூடையில் நிரப்பி, மேல்விளிம்புக்குச் சுமந்துபோய்க் கொட்டுவது ஆண்டுதோறும் தவறாத வேலையாக இருந்தது. தொழுவத்து எருவும் அப்படியே முதுகில்தான் ஏறியது. அறுத்த ரைக் கதிர்க்கட்டுகள் ஷ்டாடெல் என்னும் மரக் களஞ்சியத்தில் வைக்கப்பட்டன. அக்களஞ்சியம் தரையில் நிற்பதில்லை. குட்டையான மரக்கால்கள்மேல், ஒவ்வொரு காலின் தலையிலும் வட்டமான தட்டைக்கல் வைத்து, அதன்மேல் கட்டப்பட்டிருக்கும். காலில் ஏறி வரும் எலி, கல்லின் விளிம்பு வெளியே நீட்டிக்கொண்டிருப்பதால் மேலே போக வழியின்றித் திரும்பிவிடும். கதிரடிப்பும் அதன் உள்ளேயே நடந்தது. ஊர்ப்பொது அடுப்பில் ஆண்டுக்குச் சில தடவை மட்டுமே ரொட்டி சுடப்பட்டது. அடுப்பு சூடாகும்போது குடும்பங்கள் முறைவைத்துச் சுட்டுக்கொண்டு, மாதக்கணக்கில் ரொட்டியை உலர்த்தி வைத்துத் தின்றனர். விறகின் அருமையை அறிந்த ஊரின் வழக்கம் அது.

இனி நீர். வாலேயில் ஜெர்மன் பேசுவோர் சுவோனென் என்றும் பிரெஞ்சு பேசுவோர் பிஸ் என்றும் குறிப்பிடும் மலை வாய்க்கால்கள், உயரத்திலுள்ள பனியுருகு ஓடைகளிலிருந்து தொடங்கி, மலைச்சரிவில் மிக மெல்லிய சாய்வோடு நெடுந்தொலைவு ஓடி, புல்வயல்களுக்கு மேலே வந்து சேர்கின்றன. செங்குத்தான பாறை குறுக்கிடும் இடங்களில், குடைந்த மரத்தொட்டிகளைப் பாறைச்சுவரில் ஆணியடித்துத் தொங்கவிட்டு நீரைக் கொண்டுபோனதும் உண்டு. அங்கே பழுதுபார்க்கச் சென்றவர்களுக்கு உயிர் ஆபத்து எப்போதும் இருந்தது. வசந்தகாலத்தில் ஊர் கூடி வாய்க்காலைத் தூர்வாரிக் கரைகட்டுவது உரிமையுள்ள ஒவ்வொரு குடும்பத்துக்கும் கடமை. அதன்பின் நீர் முறைவைத்துப் பாய்ந்தது. இன்ன புல்வயலுக்கு இன்ன நாளில், இந்நேரம் முதல் அந்நேரம் வரை என்று முறை வகுக்கப்பட்டிருந்தது. கடிகாரம் இல்லாத காலத்தில் சூரியன் இன்ன பாறையைத் தொடும்போது, நிழல் இன்ன இடத்துக்கு வரும்போது என்றே நேரம் குறிக்கப்பட்டது. நீருரிமைகளை மரக்குச்சிகளில் வீட்டு அடையாளங்களாகச் செதுக்கிக் கணக்கு வைக்கும் வழக்கமும் வாலேயில் இருந்தது. வியப்பு என்னவென்றால், மேய்ச்சலுக்கும் காட்டுக்கும் இத்தனை எழுத்துவிதிகள் வைத்திருந்த தோர்பெலில், வாய்க்கால் முறை முழுவதையும் தனியொருவர் அறிந்திருக்கவில்லை என்பதை நெட்டிங் கண்டார். ஒவ்வொருவரும் தம் முறையையும், தமக்கு முன்னும் பின்னும் மடை திறப்பவரின் முறையையும் மட்டும் அறிந்திருந்தனர். அது போதுமானதாக இருந்தது. 1974இல் அவர் வெளியிட்ட கட்டுரையின் தலைப்பே இதைத்தான் குறித்தது. மையத்தில் அதிகாரி இல்லாவிட்டால் பாசனம் நடக்காது என்று அப்போது வலுவாக இருந்த கோட்பாட்டுக்கு இது எதிர்ச்சான்று. முறை தவறி மடை திறந்தவரைப் பிடிக்க அடுத்த முறைக்காரரே போதும். காத்திருந்த அவருடைய வயலுக்குத்தானே நீர் வரவில்லை!

இந்த ஏற்பாடுகளுக்காகக் கொடுக்கப்பட்ட விலையையும் சொல்லியாக வேண்டும். பெற்றோரின் நிலம் ஆண், பெண் வேறுபாடின்றிப் பிள்ளைகள் எல்லாருக்கும் சமமாகப் பிரிக்கப்பட்டது. இது நீதியான முறை. ஐரோப்பாவின் பல பகுதிகளில் மூத்த மகனுக்கே எல்லாம் போனதோடு ஒப்பிட்டால் அதன் அருமை தெரியும். ஒரே வீட்டின் மாடிகள்கூட வெவ்வேறு குடும்பங்களுக்குச் சொந்தமாயின. ஆனால் எல்லாருக்கும் பங்கு உண்டு என்றால், பங்கு கேட்போர் பெருகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பெண்கள் இருபதுகளின் பிற்பகுதியிலும் ஆண்கள் அதற்கும் பிறகும் திருமணம் செய்துகொண்டனர். திருமணமே செய்யாமல் உடன்பிறந்தார் வீட்டில் உழைத்து முதுமையடைந்தோர் ஒவ்வொரு தலைமுறையிலும் கணிசமாக இருந்தனர். அந்தத் தனியர்களின் பங்கு, அவர்களுக்குப் பின் அண்ணன் தம்பி பிள்ளைகளுக்கே திரும்பியது. நிலம் நிரந்தரமாகச் சில குடும்பங்களின் கையில் குவியாமல் போனதற்கும் நெட்டிங் இதை ஒரு காரணமாகக் காட்டுகிறார். ஊரின் சமத்துவத்தைத் தாங்கியவர்களில் இந்தத் திருமணமாகாத ஆண்களும் பெண்களும் முன்வரிசையில் நிற்க வேண்டியவர்கள்; ஆவணங்களிலோ அவர்களுடைய பெயர்கள் ஞானஸ்நானப் பதிவிலும் இறப்புப் பதிவிலும் மட்டுமே காணப்படுகின்றன. வெளியூராருக்குக் கதவு மூடியிருந்ததால், நூற்றாண்டுகளாக ஒரே சில குலப்பெயர்களே ஊரில் தொடர்ந்தன; உறவுக்குள்ளேயே மணம் நடந்தது; மரபியல் ஆய்வாளர்கள் இவ்வூரின் வம்சாவளிகளைத் தனியே எடுத்து ஆராயும் அளவுக்கு அது சென்றது.

18ஆம் நூற்றாண்டின் இறுதியில் உருளைக்கிழங்கு வந்தது. ரையைவிடப் பன்மடங்கு உணவைச் சிறு நிலத்தில் தந்த அந்தப் பயிர், ஊர் மக்கள்தொகையை அதுவரை கட்டுக்குள் வைத்திருந்த வரம்பைத் தளர்த்தியது. 19ஆம் நூற்றாண்டில் மக்கள்தொகை வேகமாக உயர்ந்தது. மேல் வாலேயிலிருந்து பல குடும்பங்கள் அர்ஜென்டினா சென்று குடியேறியதும் அந்நூற்றாண்டில்தான். 1855 ஜூலை 25ஆம் நாள், கடந்த முந்நூறு ஆண்டுகளில் சுவிட்சர்லாந்து கண்ட மிகப் பெரிய நிலநடுக்கங்களில் ஒன்று இந்தப் பள்ளத்தாக்கைத் தாக்கியது. விஸ்ப் நகரமும் ஷ்டால்டென், தோர்பெல் முதலான சுற்றூர்களும் பெருஞ்சேதம் அடைந்தன. 1891இல் விஸ்பிலிருந்து செர்மாட் வரை ரயில் ஓடத் தொடங்கியது. 1906இல் சிம்ப்ளோன் சுரங்கப்பாதையும் 1913இல் லோட்ஷ்பெர்க் சுரங்கப்பாதையும் திறக்கப்பட்டன. விஸ்பில் லோன்சா நிறுவனம் அமைத்த வேதியியல் ஆலை மலைக்கிராம ஆண்களை மாதச்சம்பளக்காரர்களாக்கியது. ஆண்கள் ஆலையில் முறைவேலை பார்த்துவிட்டு வந்து வைக்கோல் அறுக்க, மாடும் வயலும் பெண்கள் பொறுப்பாயின. இரண்டாம் உலகப்போருக்குப் பின் ரை வயல்கள் ஒவ்வொன்றாகப் புல்வயல்களாயின. இத்தனை மாற்றத்துக்கு நடுவிலும் மேய்ச்சல் சங்கமும் வாய்க்கால் முறையும் 1970களில் இயங்கிக்கொண்டிருந்ததைத்தான் நெட்டிங் கண்டார்.

தோர்பெல் உலக விவாதத்தில் நுழைந்தது வேறொரு கட்டுரைக்கு மறுப்பாக. அமெரிக்க உயிரியலாளர் காரெட் ஹார்டின் 1968இல் ஸயின்ஸ் இதழில் எழுதிய கட்டுரையில், பொது மேய்ச்சல் நிலத்தில் ஒவ்வொருவரும் தம் லாபத்துக்காக மாடுகளைப் பெருக்கிக்கொண்டே போவதால் அந்நிலம் அழிவது உறுதி என்று வாதிட்டார். தனியார் உடைமை அல்லது அரசின் கட்டுப்பாடு, இவ்விரண்டைத் தவிர வேறு வழியில்லை என்ற முடிவுக்கு அது உலகெங்கும் ஆதாரமாகக் காட்டப்பட்டது. அரசறிவியலாளர் எலினோர் ஆஸ்ட்ரம் 1990இல் வெளியிட்ட நூலில், நெடுங்காலம் நிலைத்த பொதுவள அமைப்புகளை ஆராய்ந்தபோது, முதலில் எடுத்துக்கொண்ட சான்றுகளில் ஒன்று தோர்பெல். பயன்படுத்துவோர் தாமே எல்லையை வகுத்து, விதியை எழுதி, கண்காணித்து, மீறலுக்கேற்பத் தண்டம் விதிக்கும்போது பொதுநிலம் அழிவதில்லை என்பதை அவர் உலகின் பல மூலைகளிலிருந்தும் திரட்டிய சான்றுகளால் நிறுவினார். 2009இல் பொருளாதாரத்துக்கான நோபல் பரிசைப் பெற்ற முதல் பெண் அவரே. ஹார்டினும் பிற்காலத்தில், தாம் சொன்னது கட்டுப்பாடற்ற பொதுநிலத்துக்கே பொருந்தும் என்று 1994இல் எழுதித் தம் கூற்றைத் திருத்திக்கொண்டார்.

ஆல்ப்ஸ் முழுவதும் தோர்பெல் போலவே இருந்தது என்று இதிலிருந்து முடிவு செய்துவிடலாகாது. இத்தாலிய மானிடவியலாளர் பியெர் பாவ்லோ வியாட்சோ 1989இல் வெளியிட்ட ஆய்வில், மோன்டே ரோசாவின் மறுபுறத்தில் உள்ள அலன்யா போன்ற ஊர்களில் சுரங்கத் தொழிலாளர்கள் வெளியிலிருந்து வந்து குடியேறியதையும், ஆண்கள் பருவந்தோறும் நெடுந்தொலைவு வேலைக்குப் போய்த் திரும்பியதையும் காட்டி, மலைக்கிராமம் என்றாலே தனக்குள் மூடிக்கிடக்கும் ஊர் என்னும் பொதுமைப்படுத்தலை மறுத்தார். அவருடைய மறுப்பு நியாயமானது. தோர்பெலிலும் ஆண்கள் அந்நியப் படைகளில் கூலிவீரர்களாகச் சென்றதுண்டு. கீழே விஸ்பிலும் பிரிக்கிலும் சந்தை எப்போதும் இருந்தது. மூடியிருந்தது ஊர் உரிமையே தவிர ஊர் அன்று. இந்த வேறுபாட்டை நெட்டிங்கின் நூலை மேலோட்டமாகப் படித்தவர்கள் பலமுறை தவறவிட்டிருக்கிறார்கள்.

இன்று ஊரில் மாடு வளர்ப்போர் மிகச் சிலரே. 2007இல் திறக்கப்பட்ட லோட்ஷ்பெர்க் அடிவாரச் சுரங்கப்பாதை வழியே விஸ்பிலிருந்து தலைநகர் பெர்ன் ஒரு மணிநேரத் தொலைவில் இருக்கிறது. மலைமேல் வீடு வாங்கி விடுமுறைக்கு மட்டும் வந்துபோவோர் பெருகியதால், ஓர் ஊரில் இரண்டாம் வீடுகள் 20 விழுக்காட்டைத் தாண்டக்கூடாது என்று 2012இல் சுவிஸ் மக்கள் வாக்களித்துச் சட்டமாக்கினர். வாலே மாநிலம் அதைக் கடுமையாக எதிர்த்தது. ஊர்ப்பொது மேய்ச்சல் நிலத்தையும் காட்டையும் உடைமையாகக் கொண்ட ஊருரிமையாளர் அமைப்பு, வழக்கமான ஊராட்சியிலிருந்து தனியான சட்ட அமைப்பாக வாலேயில் இன்றும் நிலவுகிறது. ஊரில் குடிவந்து வரி கட்டுவதால் மட்டும் ஒருவர் அதில் உறுப்பினராகிவிட முடியாது. 2023 டிசம்பரில் யுனெஸ்கோ, சுவிட்சர்லாந்து உள்ளிட்ட ஏழு ஐரோப்பிய நாடுகளின் மரபுவழி வாய்க்கால் பாசனத்தைப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. சுவிஸ் நாட்டின் ஆல்ப் மேய்ச்சல் பருவமும் அதே ஆண்டு பட்டியலில் இடம்பெற்றது. பட்டியலில் சேர்ந்தது மகிழ்ச்சிக்குரியதே. எனினும் வசந்தகாலத்தில் மண்வெட்டியோடு வாய்க்காலுக்கு வருவோர் குறைந்துவிட்ட ஊர்களில் அவ்வாய்க்கால்கள் நிலைப்பது ஐயத்துக்குரியது. அந்த உழைப்பைப் பட்டியலால் ஈடுசெய்ய முடியாது.

தோர்பெலில் பழைய மாவு ஆலையையும் ரொட்டி அடுப்பையும் களஞ்சியங்களையும் ஊர்ச் சங்கம் ஒன்று பழுதுபார்த்துப் பேணி வருகிறது. செர்மாட்டுக்கு மாட்டர்ஹோர்ன் சிகரத்தைப் பார்க்கப் போகிறவர்கள் ஷ்டால்டெனில் ரயிலைவிட்டு இறங்கி, அஞ்சல்துறைப் பேருந்தில் ஏறினால் இவ்வூரை அடையலாம். வாய்ப்புக் கிடைப்பவர்கள் சென்று பார்க்க வேண்டும்; மேய்ச்சல் நிலம் வரை நடந்தும் வர வேண்டும்.